செவ்வாய்க்கிழமை நாடகத்தின் துணை நடிகர்கள்

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கப்பட்டபோது, நாடக நடிகர்களைத் தேடி அது அலைய வேண்டியிருக்கவில்லை. மயிலாப்பூர், தியாகராய நகர், திருவல்லிக்கேணி சபாக்களில் மேடையேறிக்கொண்டிருந்த குழுக்களே செவ்வாய்க்கிழமை இரவு நாடகங்களுக்கும் ஆட்களைத் தந்தன. அவர்களில் பெரும்பாலோர் பகலில் வங்கியிலோ, ரயில்வேயிலோ, தொலைபேசித் துறையிலோ கோப்பு பார்த்தவர்கள். மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் எழுத்தராக இருந்த என் பெரியப்பாவும் அந்த ரகம்தான். கல்யாணத் தரகர், வாடகை கேட்க வரும் வீட்டுக்காரர், பெண்ணின் தாய்மாமன் என்று இரண்டு மூன்று காட்சிகளுக்கு மேல் நீளாத வேடங்களையே அவர் கடைசிவரை ஏற்றார்.

நடிப்புத் தேர்வில் தேறினால் மட்டும் போதாது. அரசு ஊழியர் என்றால் மேலதிகாரியின் ஆட்சேபணையில்லாச் சான்றும் வேண்டும். சன்மானம் சொற்பம். அதைவிடப் பெரிய சிக்கல் வேட்டியில் இருந்தது. கறுப்பு வெள்ளைக் கேமராவுக்கு நீலம் போட்டு வெளுத்த வெள்ளை ஆகாது, கண்ணைப் பறிக்கும் என்பதால், பெரியம்மா ஒரு நல்ல வேட்டியைத் தேயிலைத் தண்ணீரில் முக்கிப் பழுப்பேற்றி, படப்பிடிப்புக்கென்றே தனியாக மடித்து வைத்திருந்தார். அதைக் கட்டிக்கொண்டு கோயிலுக்குப் போகக் கூடாது என்று வீட்டில் எழுதப்படாத சட்டம்.

உண்மையான கஷ்டம் குரலில்தான். சபாவில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பேசிப் பழகியவர்கள், தலைக்கு மேலே ஒலிவாங்கி தொங்கும் அரங்கில் நின்றபோது ஊரைக் கூட்டுவதுபோல் ஒலித்தார்கள். கையை வீசுவதையும் புருவத்தை உயர்த்துவதையும் பாதியாகக் குறைக்க வேண்டியிருந்தது. நீளமான காட்சிகளை இடையில் நிறுத்தாமல் எடுத்ததாலும், எந்தக் கேமரா எப்போது தன் பக்கம் திரும்பும் என்பது நிச்சயமில்லாததாலும், வசனம் இல்லாத நேரத்திலும் துணை நடிகர் பாத்திரமாகவே இருந்தாக வேண்டும். மற்றவர் பேசுவதைக் கேட்கத் தெரிந்தவரே நல்ல துணை நடிகர் என்பது என் கருத்து. அந்தப் பாடத்தை மேடை அவ்வளவாகச் சொல்லித்தரவில்லை.

இதில் முன்கூட்டியே தேர்ந்தவராகப் பூர்ணம் விஸ்வநாதனைச் சொல்லலாம். 1947இல் நாட்டின் விடுதலைச் செய்தியை வானொலியில் தமிழில் வாசித்தவர் அவர். ஒலிவாங்கியோடு அத்தனை ஆண்டு வாழ்ந்தவருக்குக் குரலை உயர்த்தாமலே எரிச்சலையும் அங்கலாய்ப்பையும் காட்ட முடிந்தது. விமானப் படையிலிருந்து வந்த டெல்லி கணேஷ், காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் நடித்து, 1977இல் பாலசந்தர் வழியாகத் திரைப்படத்துக்குப் போனார். எல்லாருக்கும் அப்படி வாய்க்கவில்லை; வாய்க்காதவர்கள் வேலையையும் விடவில்லை. அதில் நடிப்புக்கு ஒரு லாபமும் இருந்தது: குமாஸ்தாவாக நடித்தவர் நிஜக் குமாஸ்தாவாக இருந்ததால், கோப்பைக் கட்டும் விரல்களில் பொய் இருக்காது.

1993இல் சன் டிவி வந்து, சில ஆண்டுகளில் தினசரித் தொடர்கள் பெருகியபோது இந்த ஏற்பாடு குலைந்தது. ஒரு நாடகத்துக்கு இரண்டு நாள் விடுப்பு கிடைக்கும். மாதம் முழுவதும் கால்ஷீட் கொடுக்க எந்த அலுவலகம் அனுமதிக்கும்? ஓய்வு பெற்றவர்களும் துணிந்து வேலையை விட்டவர்களுமே தொடர்களில் நிலைத்தார்கள். துணைப் பாத்திரங்களின் ஆயுளும் நடிகரின் தேதியைப் பொறுத்ததாயிற்று: வர முடியாத சித்தப்பா திடீரென்று துபாய் போவார், அல்லது அவருடைய படத்துக்கு மாலை விழும்.

ஓய்வுக்குப் பின் பெரியப்பாவும் ஒரு தொடரில் நீதிபதியாக நடித்தார். சாலிகிராமத்தில் ஒரு வாடகை பங்களாவில் காலை ஏழு மணிக்கு மேக்கப் போட்டு உட்காரவைத்து, மாலையில் ஒரே ஒரு தீர்ப்பைச் சொல்ல வைத்தார்கள். அந்த ஒரு நாளுக்கே பழைய நாடகச் சன்மானத்தைவிடப் பல மடங்கு கிடைத்தது. இருந்தும், ஒத்திகையே இல்லாமல் வசனத்தைப் பக்கத்தில் நின்று ஒருவர் எடுத்துக் கொடுப்பது தமக்குச் சரிப்படாது என்று சொல்லி, அடுத்த அழைப்பை மறுத்துவிட்டார்.