ஏ4-ஐ ஏ3 ஆக்க 200 அழுத்தாதீர்கள்

மலேசியாவின் சுங்கை சிப்புட் நகரக் கடைவரிசையில் ஏதாவது ஒரு போட்டோஸ்டேட் கடையில் ஏ4 தாளைக் கொடுத்து, ஏ3-க்குப் பெரிதாக்கச் சொல்லுங்கள். இயந்திரம் 141% என்று காட்டும். "தாள் ரெண்டு மடங்காகுதே, 200 தானே வரணும்?" என்று படிவம் 5 மாணவர் கேட்டால், ஃபாக்டர் ஸ்காலா (அளவுக் காரணி, அதாவது உருவத்தின் நீளம் எத்தனை மடங்காகிறது என்பது) அவருக்கு இன்னும் பிடிபடவில்லை.

ஏ4 தாள் 210 × 297 மில்லிமீட்டர், ஏ3 297 × 420. இரட்டித்தது பரப்பளவு, பக்கம் ஏறியது 1.41 மடங்குதான், அதாவது 2-இன் வர்க்கமூலம். 200 அழுத்தினால் பக்கம் இரட்டித்து, பரப்பளவு நான்கு மடங்காகி, பாதிப் படம் தாளுக்கு வெளியே போய்விடும்.

காரணி நீளத்துக்கு, பரப்பளவுக்கு அதன் வர்க்கம். தீபாவளிக்கு 3 அடி வட்டக் கோலத்தை நிரப்ப 2 கிலோ வண்ண அரிசி பிடித்தால், 6 அடிக்கு 8 கிலோ வேண்டும். அதே அளவில் வெறும் கம்பிக் கோலம் போடுவதாக இருந்தால், கோட்டின் தடிமன் மாறாதவரை மாவு இரண்டு மடங்கே போதும். இந்த வித்தியாசம் புரிந்த பிள்ளைக்குச் சூத்திரத்தை மனப்பாடம் செய்ய வேண்டிய வேலை இல்லை.

தேர்வில் வழுக்கும் இடம் வேறு. பெரிய முக்கோணத்துக்குள் சிறிய முக்கோணம், இரண்டுக்கும் இடையில் கருமையிட்ட பகுதி 120 சதுர அலகு, சிறியதைப் பெரிதாக்கிய காரணி 3. சிறியதன் பரப்பளவு என்ன? பலர் 120-ஐ 9-ஆல் வகுத்துவிட்டு, பின்னம் வந்ததும் திருதிருவென விழிப்பார்கள். பெரியது 9 பங்கு, அதில் சிறியது 1 பங்கு. கருமை 8 பங்கு. விடை 15.

அடுத்தது மையம், அதாவது எந்தப் புள்ளியிலிருந்து உருவத்தைப் பெரிதாக்குகிறோமோ அது. மையம் (1, 2), புள்ளி (3, 5), காரணி 2 என்று வைத்துக்கொள்வோம். மையத்திலிருந்து புள்ளிக்கு வலப்பக்கம் 2 கட்டம், மேலே 3 கட்டம். இரட்டித்தால் 4, 6. அதை மையத்திலிருந்தே எண்ண வேண்டும்: (5, 8). புள்ளியிலிருந்து எண்ணினால் (7, 11)-இல் போய் நிற்கும். அது காரணி 3. ஆயங்களையே நேராக இரட்டித்து (6, 10) என்று எழுதுவது இன்னும் மோசம். அப்படி எல்லா முனையையும் போட்டால் முக்கோணத்தின் அளவும் சாய்வும் சரியாகவே வரும், இடம் மட்டும் தப்பு. மையம் (0, 0) ஆக இருந்தால்தான் அந்தக் குறுக்குவழி செல்லும். பார்வைக்குச் சரியாகத் தெரிவதால் மாணவர் திரும்பிப் பார்ப்பதே இல்லை.

காரணி 1/2 என்றால் உருவம் சுருங்கி, மையத்துக்கும் மூல உருவத்துக்கும் நடுவில் விழும். சுருங்கினாலும் அதற்குப் பெயர் பெம்பெசாரான்தான் (மலாயில் 'பெரிதாக்கம்'). வேறு சொல் தேடாதீர்கள். குறை எண் வந்தால் உருவம் மையத்துக்கு மறுபக்கம் போய்த் தலைகீழாக நிற்கும். விடையில் மூன்றும் இருக்க வேண்டும்: உருமாற்றத்தின் பெயர், மையம், காரணி. மையத்தை எழுத மறந்து மதிப்பெண்ணை விடுபவர்களே அதிகம்.

மையம் கொடுக்காவிட்டால், ஒத்த முனைகளை இணைத்துக் கோட்டை நீட்டுங்கள். இரண்டு கோடு வெட்டினாலே மையம் கிடைத்துவிடும். ஆனாலும் மூன்றாவதையும் இழுங்கள். அது அதே புள்ளி வழியாகப் போகவில்லையென்றால் முனைகளை மாற்றி இணைத்திருக்கிறீர்கள், அல்லது பென்சில் முனை மழுங்கிவிட்டது.

மறுபடி போட்டோஸ்டேட் கடைக்கு: 150% பெரிதாக்கியதைப் பழைய அளவுக்குக் கொண்டுவர 50 அழுத்தினால் 75%தான் கிடைக்கும். அழுத்த வேண்டியது 67.