ஆயா வீட்டுப் பலகை

எங்கள் பிளாக்கில், ஆயா வீட்டுக் கதவுக்குப் பின்னால் ஒரு மரப்பலகை இருந்தது. அதில் ஒன்பது ஆணி, ஒன்பது வீட்டுச் சாவி.

நாங்கள் கண்ணகி நகருக்கு வந்தபோது எனக்கு ஆறு வயசு. சென்னையின் குடிசைப் பகுதி மக்களை 2000-ல் குடிவைக்கத் தொடங்கிய இடம் இது. அடையாற்றங்கரைக் குடிசையைப் பிரித்து, சட்டிபானையோடு லாரியில் ஏற்றிக் கொண்டுவந்து இறக்கிவிட்டார்கள். அம்மா வீட்டுவேலை செய்த வீடுகளோ அடையாறில். அதுவரை நடந்துபோய், மத்தியானம் வந்து எங்களுக்குச் சோறு போட்டுவிட்டு மறுபடி போவாங்க. இங்கே வந்தபிறகு விடியக்காலை பஸ் ஏறினால் இருட்டியபிறகுதான் வீடு. பஸ் காசுக்கே சம்பளம் கரைகிறது என்று பக்கத்து வீட்டு அக்காக்கள் சிலர் வேலையை விட்டார்கள். விடாதவர்கள் சாவியை ஆயாவிடம் கொடுத்துவிட்டுப் போனார்கள்.

பள்ளிக்கூடம் விட்டு வந்தால் ஆயா லேசில் சாவியைத் தராது. "மூஞ்சி கழுவு. இன்னா துன்ன மத்தியானம்?" பதில் சரியில்லை என்றால் பழைய சோறும் ஊறுகாயும் உண்டு. தண்ணி லாரி வந்தால் ஆளில்லாத வீட்டுக் குடங்களையும் வரிசையில் வைக்கும். எது யார் குடம் என்று தெரிய, கழுத்தில் ஆளுக்கொரு கலர் துணி கட்டியிருக்கும். எங்களுடையது அம்மாவின் பழைய பச்சைப் புடவைக் கிழிசல்.

படிப்பு முடித்து வேலை தேடியபோது, "அட்ரஸ்ல துரைப்பாக்கம்னு மட்டும் போடும்மா" என்றார் தெரிந்தவர் ஒருவர். கண்ணகி நகர் என்று போட்டால் திருட்டு ஏரியா என்று நினைப்பார்களாம். ஐந்து வருஷம் அப்படித்தான் எழுதினேன். ஒன்பது வீட்டுச் சாவி ஒரே கதவுக்குப் பின்னால் தொங்குகிற ஊரை மறைத்து எழுதினேனே என்பது இன்னும் எனக்கு ஆறவில்லை.

2025 அக்டோபரில், பஹ்ரைனில் நடந்த ஆசிய இளையோர் போட்டியில் எங்கள் ஏரியாப் பெண் கார்த்திகா ஆடிய இந்தியப் பெண்கள் கபடி அணி தங்கம் வென்றது. டிவியில் கண்ணகி நகர் என்று சொன்னபோதெல்லாம் ஆயா சத்தம் கூட்டச் சொன்னது.

முட்டிவலி தாங்காமல் ஆயா இப்போது பெரும்பாக்கத்தில் மகளோடு இருக்கிறது. பலகை எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டது. போன வாரம் மேல்மாடிக்குப் புதிதாக வந்த பெண், கைக்குழந்தையோடு வாசலில் தயங்கி நின்று, "சாவி வச்சிக்கறதுக்கு மாசம் எவ்ளோ தரணும்க்கா?" என்று கேட்டாள். அம்மா பதில் சொல்லாமல், உள்ளே போய்ச் சுத்தியலைத் தேடினாங்க.