மேல்முறையீடு செய்தது நான், முடுக்கு போனது எதிர்த்தரப்புக்கு

எங்கள் வீட்டை ஒட்டிய நான்கடி முடுக்கு (குறுகிய சந்து) தனக்கே பாத்தியம் என்று விளம்புகை, அதாவது உரிமையை நீதிமன்றம் அறிவிக்கும் ஆணை, கேட்டும், இல்லாவிட்டால் அதில் நடந்துபோகும் வசதியுரிமையாவது வேண்டும் என்றும் பக்கத்து வீட்டார் வழக்குத் தொடுத்திருந்தார். முதல் நீதிமன்றம் விளம்புகையைத் தள்ளுபடி செய்து, நடைபாதை உரிமையை மட்டும் கொடுத்தது. அதை எதிர்த்து 30 நாள் கெடுவுக்குள் மேல்முறையீடு செய்தேன். வாதியான பக்கத்து வீட்டாரோ தள்ளுபடியான பகுதியை எதிர்த்து மேல்முறையீடும் செய்யவில்லை, என் மேல்முறையீட்டிலேயே அதை எதிர்க்கும் குறுக்கு ஆட்சேபணையும் தாக்கல் செய்யவில்லை.

பல வாய்தாக்களுக்குப் பிறகு வந்த தீர்ப்பின் கடைசிப் பத்தியை நான் மூன்று முறை படித்தேன். என் மேல்முறையீடு தள்ளுபடி. அதோடு, முடுக்கே வாதிக்குப் பாத்தியம் என்றும் எழுதியிருந்தது. மேலே போகாமல் வீட்டிலேயே இருந்திருந்தால் முடுக்கு என்னிடமே இருந்திருக்கும் என்ற எண்ணம் பல நாள் தூங்கவிடவில்லை.

இது செல்லாது என்று எங்கள் வழக்கறிஞர் உறுதியாகச் சொன்னார். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 41, விதி 22-இன்படி, தீர்ப்பாணையில் (தீர்ப்பின் முடிவை முறைப்படி சொல்லும் ஆணை) தனக்கு எதிரான பகுதியை மாற்ற விரும்பும் எதிர்மேல்முறையீட்டாளர் (மேல்முறையீட்டில் எதிர்த்தரப்பில் இருப்பவர்), மேல்முறையீட்டு அறிவிப்பு தனக்குச் சேர்ப்பிக்கப்பட்டதிலிருந்து ஒரு மாதத்துக்குள், அல்லது நீதிமன்றம் நீட்டித்துத் தரும் காலத்துக்குள், குறுக்கு ஆட்சேபணை தாக்கல் செய்ய வேண்டும். அதே கட்டளையின் விதி 33 மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு விரிந்த அதிகாரம் தருவது உண்மைதான். ஆனால் தனியே பிரிக்கக்கூடிய ஒரு பகுதியை யாரும் எதிர்க்காமல் விட்டு அது இறுதியாகிவிட்டால், அந்த அதிகாரத்தைக் கொண்டு மேல்முறையீடு செய்தவரையே பாதகமான நிலைக்குத் தள்ளக் கூடாது என்று பனார்சி எதிர் ராம் பால் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003-இல் விளக்கியிருக்கிறது.

இந்த இடத்தில் நானே முதலில் தவறாகப் புரிந்துகொண்டிருந்தேன். என்னைப் போன்றவர்கள் கவனிக்க வேண்டியதும் இதுவே. எதிர்க்கப்படாத முடிவு எதுவாயினும் இறுதியாகிவிடும் என்பதில்லை. வழக்கு முழுவதும் வாதிக்குச் சாதகமாகத் தீர்ந்து, நீதிமன்றம் தீர்மானிக்க எடுத்துக்கொண்ட கேள்விகளில் (எழுவினாக்களில்) ஏதோ ஒன்றில் மட்டும் அவருக்கு எதிராக முடிவு எழுதப்பட்டிருந்தால், குறுக்கு ஆட்சேபணை இல்லாமலேயே அந்த முடிவைத் தாக்கித் தன் தீர்ப்பாணையைக் காப்பாற்றிக்கொள்ள அவருக்கு வழி உண்டு. என் வழக்கில் வாதி கேட்ட பரிகாரமே மறுக்கப்பட்டிருந்தது. ஆகவே காரணங்களைச் சொல்லும் தீர்ப்புரையை மட்டும் நம்பாமல், தீர்ப்பாணையில் எது கொடுக்கப்பட்டது, எது தள்ளப்பட்டது என்பதை வரி வரியாகப் பாருங்கள்.

குறுக்கு ஆட்சேபணை இல்லை என்பதைக் காட்ட, மேல்முறையீட்டின் தீர்ப்பாணைக்கும் தினசரி உத்தரவுக் குறிப்புகளுக்கும் சான்றிட்ட நகல் கேட்டேன். நகல் பிரிவில் இருந்தவர், மனுவில் ஆண்டைத் தவறாக எழுதியிருப்பதாகக் கூறி ஒன்பது நாள் கழித்துத் திருப்பித் தந்தார். மேல்முறையீட்டு எண்ணுக்கு எதிரே அசல் வழக்கின் ஆண்டை எழுதியிருந்தது என் பிழைதான்; ஆனால் மனுவை வாங்கிய அன்றே அதைச் சொல்லியிருந்தால் ஒரு முழு நாள் அலைச்சல் இல்லாமல் போயிருக்கும். தீர்ப்பு நகல் பெறத் தேவைப்பட்ட நாட்களை இரண்டாம் மேல்முறையீட்டுக்கான 90 நாள் கெடுவில் கழித்துக்கொள்ளலாம். அதற்காக, விண்ணப்பித்த தேதியும் நகல் தயாரான தேதியும் உள்ள முத்திரைப் பக்கத்தைத் தொலைத்துவிடாதீர்கள்.

இரண்டாம் மேல்முறையீடு முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால் மட்டுமே ஏற்கப்படும். நாங்கள் எழுப்பியது ஒரே கேள்விதான்: குறுக்கு ஆட்சேபணை இல்லாத நிலையில், மறுக்கப்பட்ட விளம்புகையை மேல்முறையீட்டில் வழங்க முடியுமா? உயர் நீதிமன்றம் அதை ஏற்று, விளம்புகையை ரத்து செய்தது. நடைபாதை உரிமையில் மட்டும், இரண்டு நீதிமன்றங்களும் சாட்சியங்களை வைத்து ஒரே முடிவுக்கு வந்திருப்பதால் தலையிட மறுத்துவிட்டது. முடுக்கு மீண்டும் எங்கள் பெயரில் இருக்கிறது. பக்கத்து வீட்டார் அதன் வழியாகத்தான் தினமும் போய்வருகிறார்.