மகனின் தலையும் பக் நாயின் மூச்சும்: அளந்து பார்த்த அனுபவம்

மூன்றாம் மாதம் முடிவதற்குள் என் மகனுக்குத் தலையின் பின்பக்கம், வலதுபுறம் சப்பையாகத் தெரிய ஆரம்பித்துவிட்டது. குளிப்பாட்டும்போது அம்மாதான் முதலில் கவனித்தார். "தலை ஒரு பக்கம் சப்பையா இருக்கு கண்ணு, தினமும் எண்ணெய் வெச்சு உருட்டி விட்டாச் சரியாப் போயிரும்" என்றார். மாமியார் கடுகுத் தலையணை வாங்கச் சொன்னார். தடுப்பூசி போடப் போன இடத்தில் டாக்டர் ஒரு பார்வை பார்த்துவிட்டு, வளர வளரச் சரியாகிவிடும் என்றார். மூவர் சொன்னதும் அக்கறையில்தான். ஆனால் எவ்வளவு சப்பை, இது எந்த வகை என்று ஒருவரும் சொல்லவில்லை. எனக்கு அதுதான் தெரிய வேண்டியிருந்தது.

குழந்தைகளுக்கான நரம்பியல் அறுவை மருத்துவர் ஒருவரிடம் கொண்டுபோனோம். அறுவை மருத்துவர் என்றதும் வீட்டில் பயந்தார்கள். அவரிடம் போனதற்கு ஒரே காரணம்தான். மண்டையோட்டு எலும்புகளுக்கு நடுவே உள்ள இணைப்புகள் குழந்தை வளரும்வரை திறந்திருக்க வேண்டும். சுமார் இரண்டாயிரம், இரண்டாயிரத்து ஐந்நூறு குழந்தைகளில் ஒன்றுக்கு அவற்றில் ஏதாவது ஒன்று முன்கூட்டியே மூடிவிடுகிறது. அதற்குப் பெரும்பாலும் அறுவை சிகிச்சை வேண்டும். படுக்கையில் அழுந்தியதால் வரும் சப்பை வேறு. அதற்கு அறுவையே தேவையில்லை. இரண்டையும் முதலில் பிரித்துவிட வேண்டும்.

அவர் அதைக் கையாலும் கண்ணாலுமே பிரித்தார். மகனை என் மடியில் உட்காரவைத்து, முடியை ஈரத்தால் படிய வைத்து, நேர் மேலிருந்து பார்த்தார். அழுத்தத்தால் வந்த சப்பை என்றால், மேலிருந்து பார்க்கும்போது தலை இணைகரம் போலத் தெரியுமாம். சப்பையான பக்கத்துக் காது முன்னால் தள்ளியிருக்கும், அதே பக்க நெற்றியும் கொஞ்சம் புடைத்திருக்கும். பின்மண்டை இணைப்பு மூடியிருந்தால் வடிவம் சரிவகம் போல ஆகும், காது பின்னாலோ கீழாகவோ இழுபட்டிருக்கும். அப்புறம் இணைப்புகள் மேல் விரலை ஓட்டி, வரப்பு மாதிரி ஏதாவது தட்டுப்படுகிறதா என்று பார்த்தார். உச்சிக்குழியைத் தொட்டுப் பார்த்தார். பிறந்ததிலிருந்து எடுத்த தலைச்சுற்றளவுகளை வளர்ச்சி அட்டையில் சரிபார்த்தார். மகனுக்கு வலது காது முன்னால் வந்திருந்தது, வரப்பு எதுவும் இல்லை. ஸ்கேன் வேண்டாம் என்று சொல்லிவிட்டார். அன்று ராத்திரிதான் நிம்மதியாகத் தூங்கினேன்.

அடுத்து அளவு. காலிப்பர் என்ற, இரண்டு கைகளுக்கு நடுவே வைத்து அளக்கும் கருவியால் நெற்றியின் ஒரு மூலையிலிருந்து எதிர்ப்பக்கப் பின்மண்டைவரை ஒரு மூலைவிட்டம், அப்படியே மாற்றி இன்னொன்று. ஒன்று 13.2 சென்டிமீட்டர், மற்றது 12.3. வித்தியாசம் 9 மில்லிமீட்டர். அதை நீளமான மூலைவிட்டத்தால் வகுத்து நூறால் பெருக்கினால் 6.8 வருகிறது. அட்லாண்டாவில் உள்ள குழந்தைகள் மருத்துவமனை உருவாக்கிய அளவுகோலில் 3.5-க்குக் கீழே இருந்தால் கவலையில்லை. 3.5 முதல் 6.25 வரை இரண்டாம் நிலை, 8.75 வரை மூன்று, 11 வரை நான்கு, அதற்கு மேல் ஐந்து. மகன் மூன்றாம் நிலையின் தொடக்கத்தில் இருந்தான். எண்ணைக் கையில் வாங்கியதும் வீட்டில் வாக்குவாதம் நின்றது. உங்கள் குழந்தைக்கும் தலை சப்பை என்று யாராவது சொன்னால், இந்த இரண்டு அளவுகளையும் கேட்டு எழுதி வாங்குங்கள். அடுத்த முறை ஒப்பிட அதுதான் ஆதாரம். பின்பக்கம் முழுவதுமே சப்பையாக இருக்கிற குழந்தைகளுக்கு மூலைவிட்ட வித்தியாசம் பெரிதாகத் தெரியாது. அவர்களுக்கு அகலத்தை நீளத்தால் வகுத்துப் பார்ப்பார்கள்.

காரணம் கழுத்தில் இருந்தது. இடது கழுத்துத் தசை இறுகியிருந்ததால் எப்போதும் வலது பக்கமே திரும்பிப் படுத்திருக்கிறான். பிசியோதெரபிஸ்ட் கழுத்தை இதமாக நீட்டிவிடும் பயிற்சியைக் கற்றுக்கொடுத்தார். விழித்திருக்கும்போதெல்லாம் குப்புறப் போட்டோம். சன்னல் வெளிச்சம் இடது பக்கம் வரும்படி படுக்கையைத் திருப்பினோம். கிலுகிலுப்பையும் அம்மாவின் பாட்டும் இனி இடது பக்கத்திலிருந்துதான் வரும் என்று முடிவானது. தலையை அழுத்தி உருட்டுவதை நிறுத்திக்கொள்ள அம்மா ஒப்புக்கொண்டார். எண்ணெய்க் குளியல் மட்டும் தொடர்ந்தது. கடுகுத் தலையணை வேண்டவே வேண்டாம் என்றார் டாக்டர். தலை வடிவுக்கென்று விற்கிற தலையணைகளால் மூச்சு முட்டும் ஆபத்து உண்டு. 2022-இல் அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகமே அவற்றைப் பயன்படுத்த வேண்டாம் என்று எச்சரித்திருக்கிறது.

சப்பை ஆகிறதே என்று தூங்கும்போது குப்புறப் போட்டுவிடாதீர்கள், தயவுசெய்து. மேற்கு நாடுகளில் 1990-களில் குழந்தைகளை மல்லாக்கத் தூங்கவைக்கச் சொன்ன பிறகு தூக்கத்தில் நேரும் திடீர் மரணங்கள் பாதிக்கும் கீழே குறைந்தன. சப்பைத் தலை கூடியது அதன் பக்கவிளைவு. உயிருக்கு முன்னால் அது ஒன்றுமே இல்லை.

தலை வடிவைத் திருத்த மாட்டிவிடும் ஹெல்மெட் பற்றியும் கேட்டோம். ஒரு நாளில் 23 மணி நேரம், மாதக்கணக்கில் மாட்ட வேண்டும்; கோயம்புத்தூர் ஏப்ரலில் எப்படி? நெதர்லாந்தில் 84 குழந்தைகளை வைத்து நடத்தி 2014-இல் வெளியான ஆய்வில், மிதமானது முதல் கடுமையானது வரையான சப்பைக்கு ஹெல்மெட் போட்டவர்களுக்கும் போடாதவர்களுக்கும் இரண்டு வயதில் சொல்லும்படியான வித்தியாசம் இல்லை. மிகக் கடுமையான சப்பை உள்ள குழந்தைகளும் கழுத்து இறுகிய குழந்தைகளும் அதில் சேர்க்கப்படவில்லை என்பதையும் டாக்டரே சொன்னார். இரண்டு மாதம் பயிற்சி செய்துவிட்டு மறுபடி அளக்கலாம் என்று முடிவெடுத்தோம். ஆறாம் மாதம் 14.0, 13.4. கணக்குப் போட்டால் 4.3. இரண்டாம் நிலைக்கு வந்துவிட்டான். ஹெல்மெட் பேச்சு அதோடு முடிந்தது.

இதற்கு நடுவில் எங்கள் வீட்டு பக் நாயையும் (முகம் குட்டையான இனம்) காட்ட வேண்டியிருந்தது. நடையிலிருந்து திரும்பினால் வெகுநேரம் மூச்சு வாங்கும், ராத்திரி குறட்டை. "அந்த சாதியே அப்படித்தான்" என்பார்கள். கால்நடை மருத்துவர் அதை ஏற்கவில்லை. தலையை அளந்தார்: நெற்றிக் குழிவிலிருந்து மூக்கு நுனிவரை ஒன்று, அதே குழிவிலிருந்து பின்மண்டைவரை இன்னொன்று. மூக்கின் நீளம் மண்டை நீளத்தில் பாதிக்கும் கீழே போகப் போக மூச்சுக் கோளாறு வரும் வாய்ப்பு கூடுகிறதாம். பக் இனத்துக்கு அது பாதியைவிட வெகுகீழே. ஆனால் அந்த அளவு ஆபத்தை மட்டும்தான் காட்டும், கடுமை மூச்சில்தான் தெரியும் என்றார். தொண்டையில் ஸ்டெதஸ்கோப் வைத்துக் கேட்டார். மூன்று நிமிடம் வேகநடையில் கூட்டிப்போகச் சொல்லி மறுபடி கேட்டார். மூக்குத்துளை எவ்வளவு திறக்கிறது என்று பார்த்தார். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் வகுத்த முறையில் பூஜ்ஜியத்திலிருந்து மூன்று வரை நிலைகள். இரண்டும் மூன்றும் சிகிச்சைக்குரிய நோய். எங்கள் பக் இரண்டாம் நிலையில் இருந்தது.

மகனின் தலை எலும்பு இளசு, வளரும்போது வடிவம் திருந்த இடமிருக்கிறது. பக்கின் முகமோ தலைமுறை தலைமுறையாக மனிதர்கள் தேர்ந்தெடுத்து வளர்த்துக் குட்டையாக்கியது. அதன் எலும்பை யாரும் மாற்ற முடியாது. காற்றுப் பாதையை மட்டுமே சரிசெய்யலாம். அதனால் எடையைக் குறைக்கிறோம். கழுத்துப் பட்டையை எடுத்துவிட்டு மார்புப் பட்டை மாட்டியிருக்கிறோம். நடை, விடிவதற்கு முன்னால் மட்டும். எடை இறங்கியதும் அதே மூன்று நிமிட நடைச் சோதனை இன்னொரு முறை. அப்போதும் இரண்டிலேயே நின்றால் மூக்குத்துளையை அகலமாக்கும் அறுவையைச் செய்துவிடுவோம் என்று டாக்டரிடம் சொல்லிவிட்டோம்.