ஷெட்யூலின் கடைசிப் பக்கம்

வீட்டுக் கடன் பிரிவில் உட்கார்ந்து 11 ஆண்டுகள் ஆகின்றன. என் மேசைக்கு எதிரே வந்து அமர்கிறவர்கள் கேட்கும் முதல் கேள்வி "மாசம் எவ்வளவு வரும் சார்?" என்பதுதான். இரண்டாவது, "இன்னும் கொஞ்சம் குறைக்க முடியுமா?" மூன்றாவது கேள்வி அநேகமாக வராது. எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று பேனாவைத் திறந்துவிடுவார்கள்.

அவர்களைக் குறை சொல்லவில்லை. சம்பளம் மாதாமாதம் வருகிறது, செலவும் மாதாமாதம் போகிறது. கடனையும் மனசு மாதக் கணக்கில்தான் அளக்கும். கடன் கொடுக்கிற நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு நானும் பல வருஷம் அப்படித்தான் அளந்தேன். அது எவ்வளவு பெரிய தப்பு என்று எனக்குக் காட்டிக்கொடுத்தவர் ஒரு வாடிக்கையாளர். அவரைப் பற்றிச் சொல்வதற்கு முன்னால் கொஞ்சம் கணக்கு பார்த்துவிடலாம்.

50 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டுகள். மாதத் தவணை 43,391 வரும். முதல் மாதம் கட்டும் அந்த 43,391-இல் 35,417 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 7,974 மட்டும். காரணம் எளிது. மீதி நிற்கும் அசலுக்குத்தான் வட்டி. முதல் மாதம் முழு அசலும் நிற்கிறது, அதனால் வட்டியும் முழுசாக நிற்கிறது. மாதம் ஆக ஆக அசல் பங்கு எறும்பு ஊர்கிற மாதிரி ஏறும். வட்டியைவிட அசல் அதிகமாகக் கழியத் தொடங்குவது 12-ஆம் ஆண்டின் கடைசியில். வாங்கிய 50 லட்சத்தில் பாதி அடைவதற்கு 13 ஆண்டு 10 மாதம் ஆகும். 20 வருஷக் கடனில் பாதியை 10 வருஷத்தில் அடைத்துவிடுவோம் என்று நினைப்பவர்களிடம் இதைச் சொன்னால் என்னை ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள்.

இதையெல்லாம் காட்டும் தாளுக்கு எங்கள் பேச்சில் ஷெட்யூல் என்று பெயர். மாதம், தவணை, வட்டி, அசல், பாக்கி என்று 5 பத்தி, 240 வரி. எல்லோருக்கும் கொடுப்போம். யாரும் முதல் பக்கத்தைத் தாண்டமாட்டார்கள். ஒரு காலத்தில் இந்த மாதிரி அட்டவணை கண்ணில் படுவதே அபூர்வம். வட்டி அட்டவணைகளை வணிகர்கள் தங்களுக்குள்ளேயே பொத்தி வைத்திருந்தார்களாம். சைமன் ஸ்டெவின் என்ற கணித அறிஞர்தான் 1582-இல் ஆன்ட்வெர்ப் நகரில் அவற்றைப் புத்தகமாக அச்சிட்டு ஊரறியச் செய்தார். இன்று பட்டனைத் தட்டினால் பிரிண்டரில் வந்து விழுகிறது. நாம் அதைக் கோப்பில் சொருகி வைக்கிறோம்.

சரி, அந்த வாடிக்கையாளர். மருத்துவமனையில் செவிலியர், நாற்பதை நெருங்கும் வயது. மேலே சொன்ன அதே அளவில் ஒரு கடன் (எண்களைக் கொஞ்சம் முழுமைப்படுத்தியிருக்கிறேன்). வேறொரு இடத்தில் வாங்கி 5 வருஷம் ஒழுங்காகக் கட்டியிருந்தார். பாக்கி 44 லட்சத்துச் சொச்சம். அப்போது நாங்கள் 8 சதவீதத்துக்கு டேக்-ஓவர் செய்துகொண்டிருந்தோம், அதாவது வேறு இடத்துக் கடனை அடைத்து அதை எங்களிடம் புதுக் கடனாக மாற்றிக்கொண்டிருந்தோம். அந்தக் காலாண்டில் எனக்கு டார்கெட் நெருக்கடி வேறு. "உங்க வட்டியும் குறையும், தவணையும் குறையும் மேடம்" என்றேன். இரண்டுமே உண்மைதான். புதுக் கடனை மறுபடியும் 20 ஆண்டுக்குப் போட்டேன். தவணை 43,391-இலிருந்து 36,856-ஆக இறங்கியது. மாதம் ஆறாயிரத்து ஐந்நூறுக்கு மேல் மிச்சம். அவருக்குச் சந்தோஷம். எனக்கு அதைவிடச் சந்தோஷம்.

இரண்டு தவணை போனதும் நைட் ஷிப்ட் முடித்த கையோடு வந்தார். கண்ணெல்லாம் சிவந்திருந்தது. கையில் சின்ன நோட்டு. வார்டில் எதையும் எழுதி வைத்தே பழகியவர் போல, ஒவ்வொரு வரிக்கும் தேதி போட்டிருந்தார்.

"சார், பழைய கடன்ல இன்னும் 180 மாசம் பாக்கி இருந்துச்சு. 43,391-ஐ 180-ஆல பெருக்கினா 78 லட்சத்து 10 ஆயிரம் வருது. இப்ப 36,856, 240 மாசம். 88 லட்சத்து 45 ஆயிரம் வருது. நான் எதாவது தப்பாப் போட்டிருக்கேனா?"

நான் கால்குலேட்டரை எடுத்தேன். தப்பு இல்லை என்று எடுக்கும்போதே தெரிந்துவிட்டது. ஆனாலும் இரண்டு தரம் தட்டிப் பார்த்தேன், முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல். வட்டி அரை சதவீதம் குறைந்திருந்தது. அவர் கட்டப்போவது 10 லட்சத்துக்கு மேல் கூடியிருந்தது. கட்டி முடித்த 5 வருஷத்தை அழித்துவிட்டு, அவரை மறுபடியும் முதல் பக்கத்தில், வட்டி கொழுத்து நிற்கும் வரிகளில் கொண்டுபோய் நிறுத்தியிருந்தேன். பரிசீலனைக் கட்டணமும் வாங்கிக்கொண்டுதான் இதைச் செய்திருந்தேன்.

ஏமாற்றினேன் என்று சொல்ல மாட்டேன். தவணை குறைந்தால் செலவு குறைந்தது என்று நானே மனசார நம்பிக்கொண்டிருந்தேன். அதுதான் இன்றைக்கும் உறுத்துகிறது.

தீர்வு சுலபமாக இருந்தது. புது வட்டியையே வைத்துக்கொண்டு தவணையை மட்டும் பழைய 43,391-க்கே ஏற்றினோம். இப்போது கடன் மொத்தம் 171 மாதத்தில் முடியும், பழைய கணக்கைவிட 9 மாதம் முன்னால். மிச்சமும் 4 லட்சம் அளவுக்கு வரும். புது ஷெட்யூலை அடித்துக் கொடுத்தேன். முதல் பக்கத்தை அவர் பார்க்கவே இல்லை. கடைசிப் பக்கத்தைப் புரட்டி, கடைசித் தேதியை நோட்டில் எழுதிக்கொண்டு எழுந்தார். அந்தக் காலாண்டில் என் டார்கெட் முடிந்தது, கிளையில் பாராட்டினார்கள்.

அன்று இரவு என் சொந்தக் கடனின் கோப்பைத் தேடி எடுத்தேன். மாறும் வட்டியில் வாங்கியது. வட்டி ஏறும்போது இரண்டில் ஒன்று நடக்கும்: தவணை ஏற வேண்டும், இல்லையென்றால் காலம் நீள வேண்டும். எனக்குக் கடன் கொடுத்த இடத்தில் காலத்தை நீட்டியிருந்தார்கள். கடிதமும் அனுப்பியிருந்தார்கள், பொய் சொல்லக் கூடாது. 'உங்கள் தவணையில் மாற்றமில்லை' என்ற வரியைப் படித்து நிம்மதியாகி, அதற்குக் கீழே இருந்த வரியைப் படிக்காமல் விட்டவன் நான். அந்தக் கீழ் வரியில் கடன் முடியும் தேதி இரண்டு வருஷத்துக்கும் மேல் தள்ளிப் போயிருந்தது. இதே வேலையைச் செய்கிறவனுக்கு இந்தக் கதி.

அந்த நீட்டிப்பு எவ்வளவு கொடுமையானது என்பதை முதலில் போட்ட 50 லட்சம் கணக்கிலேயே பார்க்கலாம். 5 வருஷம் கட்டிய பிறகு வட்டி 8.5-இலிருந்து 9.5-ஆகிறது, தவணை மாறவில்லை என்றால் மீதி 180 மாதம் 207 மாதமாகும். 10.5-ஆனால் 252 மாதம். அதாவது 6 ஆண்டு கூடுதல். இதே 2 சதவீத ஏற்றம் கடன் வாங்கிய புதிதிலேயே வந்துவிட்டால் ஒரு மாத வட்டி மட்டும் 43,750. கட்டுவதோ 43,391. மாதம் 359 துண்டு விழும், அது அசலில் போய்ச் சேரும். ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டிக்கொண்டே இருப்பீர்கள், கடன் வளர்ந்துகொண்டே இருக்கும். நாங்களே அந்த நிலைக்கு விடாமல் தவணையை ஏற்றச் சொல்லிக் கூப்பிடுவோம்தான். அப்படிக் கூப்பிடும்போது எங்களைத் திட்டாதவர்கள் குறைவு.

வேறு சில சில்லறை விஷயங்களும் உண்டு. கடனோடு சேர்த்து ஒரு காப்பீடு எடுக்கச் சொல்வார்கள். குடும்பத்துக்கு அது பாதுகாப்பு, வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். பிரீமியத்தைக் கையிலிருந்து கட்டாமல் கடனிலேயே ஏற்றிவிட்டால் 1 லட்சம் பிரீமியம் 20 ஆண்டில் 2 லட்சத்துச் சொச்சமாகும். அப்புறம், வீடு கட்டி முடியும்வரை வெறும் வட்டியை மட்டும் கட்டுகிற ஏற்பாடு. அந்த மாதங்களில் அசல் ஒரு பைசா குறையாது. கட்டடம் தாமதமானால் அந்தச் செலவும் உங்கள் தலையில்தான். 'வெறும் 5 சதவீதம்' என்று யாராவது சொன்னால் எந்தக் கணக்கில் என்று கேளுங்கள். முழு அசலுக்கும் கடைசி மாதம்வரை வட்டி போடுகிற ஃபிளாட் கணக்கில் 20 ஆண்டுக்கு 5 சதவீதம் என்பது, குறையும் அசலுக்குப் போடும் கணக்கில் கிட்டத்தட்ட 8.

இடையில் கையில் வரும் பணத்தை அசலில் கட்டுவதுதான் இந்தத் தொழிலில் நான் பார்த்த ஒரே நல்ல மருந்து. அதற்கும் வேளை இருக்கிறது. மேலே சொன்ன கடனில் முதல் ஆண்டு முடிவில் 2 லட்சத்தைக் கூடுதலாகக் கட்டி, தவணையை அப்படியே விட்டால் கடைசியில் 21 மாதத் தவணை காணாமல் போகும். வட்டியில் 7 லட்சத்துக்கு மேல் மிச்சம். அதே 2 லட்சத்தை 15-ஆம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் 1 லட்சத்தைத் தொடாது. ஆனால் நடப்பில் ஜனங்கள் செய்வது தலைகீழ். ஆரம்பத்தில் வீட்டுக்குத் திரை, அலமாரி என்று செலவழித்துவிட்டு, வட்டியெல்லாம் கட்டித் தீர்த்த கடைசி வருஷங்களில் "கடனை முடிச்சிடலாம்னு பார்க்கிறேன் சார்" என்று காசோலையோடு வருவார்கள். வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே 20 ஆண்டுக் கடன் 17 ஆண்டுக்குள் முடிந்துவிடும். முன்கூட்டிக் கட்டினால் கட்டணம் உண்டா என்று ஒப்பந்தத்தில் பார்த்துக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான்.

இதையெல்லாம் தெரிந்துகொண்ட புதிதில் நான் எதிர்ப்பக்கம் சாய்ந்தேன். வருகிறவர்களிடமெல்லாம் "50 லட்சத்துக்கு ஒரு கோடியே 4 லட்சம் கட்டப்போறீங்க" என்று சொல்லிப் பயமுறுத்தினேன். அதுவும் அரை உண்மைதான் என்று பிற்பாடு புரிந்தது. 20 வருஷம் கழித்துக் கட்டும் 43,391-க்கு இன்றைய மதிப்பு கிடையாது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால்கூடக் கடைசித் தவணை இன்றைய கணக்கில் 16,000 சொச்சம்தான். வெவ்வேறு காலத்துப் பணத்தையெல்லாம் ஒரே குவியலாகக் கொட்டி, அந்த மொத்தத்தைப் பார்த்து மிரள்வதில் நியாயமில்லை. எங்கள் கிளையிலேயே ஒருவர் என் பேச்சைக் கேட்டு 15 ஆண்டுக்குப் போட்டார். தவணை 49,237. கையில் எதுவும் மிஞ்சவில்லை. வீட்டில் ஒரு அறுவை சிகிச்சை வந்தபோது கிரெடிட் கார்டில் தேய்த்தார். அந்த வட்டிக்கு முன்னால் வீட்டுக் கடன் வட்டி தர்மம் போலத் தெரிந்தது. அதற்குப் பிறகு காலத்தைக் குறைக்கச் சொல்லி நான் யாரையும் வற்புறுத்துவதில்லை. நீண்ட காலத்துக்குப் போட்டுவிட்டு, முடிகிறபோது கூடக் கட்டுவது எத்தனையோ பேருக்குப் பத்திரமான வழி. கூடக் கட்டுகிற பழக்கம் இருக்க வேண்டும், அதுதான் சிக்கல்.

போன வாரம் ஒரு இளம் தம்பதி வந்தார்கள். 20 ஆண்டா 30 ஆண்டா என்று வீட்டிலேயே ஆரம்பித்த சண்டை போல. இரண்டு ஷெட்யூலையும் அடித்து, கடைசிப் பக்கங்கள் மேலே இருக்கும்படி வைத்தேன். 30 ஆண்டு என்றால் தவணை 38,446. மாதம் 4,945 குறைவு. கட்டும் வட்டி 34 லட்சம் அதிகம். இரண்டு எண்ணையும் பென்சிலால் சுழித்துக் காட்டிவிட்டு, பேசிவிட்டு வாருங்கள் என்று அனுப்பினேன். வராந்தாவில் அரை மணி நேரம் நின்றார்கள். அந்தப் பெண் விரல் விட்டு எண்ணுவதும், அவர் தலையாட்டுவதும் கண்ணாடி வழியாகத் தெரிந்தது.

20 ஆண்டு என்று முடிவு செய்துகொண்டு வந்தார்கள். உட்கார்ந்ததும் அந்தப் பெண் கேட்டார்: "சார், நாளைக்கு வட்டி ஏறினா காலத்தை நீட்ட வேண்டாம், தவணையை ஏத்துங்கன்னு இப்பவே எழுதிக் கொடுக்கலாமா?"

11 வருஷத்தில் இதை யாரும் என்னிடம் கேட்டதில்லை. அதற்கென்று படிவம் எதுவும் எங்களிடம் இல்லை. பிரிண்டரிலிருந்து ஒரு வெள்ளைத் தாளை உருவிக் கொடுத்து, "எழுதுங்க, கோப்புல வைக்கிறேன். நகல் ஒண்ணு நீங்களும் வச்சுக்குங்க" என்றேன்.