வெளித் தண்ணீர்

யாங்கோனில் (பழைய ரங்கூன்) ஒரு சிறிய கிளினிக்கில் செவிலியராக இருக்கிறேன். இங்கு வரும் தமிழ்க் குடும்பங்களிடம் இரண்டாம் உலகப் போரைப் பற்றிக் கேட்டால், "அதெல்லாம் பெரியவர்கள் காலத்துக் கதை, சயாமா" (பர்மிய மொழியில் என்னை மரியாதையாக அழைக்கும் சொல்) என்று பேச்சை முடித்துவிடுவார்கள். பிள்ளைகளை எதையெல்லாம் செய்யக்கூடாது என்று கண்டித்து வளர்த்தீர்கள் என்று கேட்டால்தான் வாய் திறக்கும்.

துணிக்கடையில் வேலை பார்க்கும் பெண் ஒருத்தி சிறுநீர்த் தொற்றுக்காக அடிக்கடி வந்தாள். மருந்தில் குணமாகும், மறுபடியும் வரும். காலையில் கிளம்பினால் இரவு வீடு திரும்பும்வரை ஒரு வாய்த் தண்ணீர் குடிப்பதில்லை. இந்த ஊர் வெயிலில்! "எங்கள் வீட்டில் யாரும் வெளித் தண்ணீர் குடிக்கமாட்டோம்" என்றாள், ஏதோ குலதெய்வத்துக்கு நேர்ந்துகொண்டதுபோல. உடன் வந்திருந்த தாயாரிடம் கேட்டேன். அவருடைய மாமியார் போட்ட சட்டமாம்.

1941 டிசம்பர் 23 அன்று ஜப்பானிய விமானங்கள் ரங்கூனில் குண்டு வீசின. அதன்பின் சில மாதங்களில் லட்சக்கணக்கான இந்தியர்கள் நடந்தே ஊரைவிட்டு வெளியேறினார்கள். பியே என்ற ஊரிலிருந்து அரக்கான் மலையைத் தாண்டி தாங்கோப் என்ற ஊருக்குப் போகும் வழியில் காலரா பரவியது. அந்த மாமியார் அப்போது சிறுமி. தம்பி ஓடைத் தண்ணீரைக் கையால் அள்ளிக் குடித்தான். மறுநாள் அவனைப் பாதையோரம் விட்டுவிட்டு நடந்திருக்கிறார்கள். சாகும் தறுவாயில் மருமகளிடம் மட்டும் இதைச் சொன்னாராம். தாயார் அதை என்னிடம் சொல்லி முடித்தபோது மகள் தாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்பத்தாவுக்கு ஒரு தம்பி இருந்ததே அவளுக்குத் தெரியாது.

பேரழிவின் சுவடு மரபணுவின் செயல்பாட்டிலேயே பதிந்து பிள்ளைகளுக்குப் போகலாம் என்று சொல்பவர்கள் உண்டு. யூத இன அழிப்பில் தப்பிய 32 பேரையும் அவர்களுடைய பிள்ளைகள் 22 பேரையும் வைத்து மனநல ஆய்வாளர் ரேச்சல் யெஹூதா குழுவினர் செய்த ஆய்வு புகழ்பெற்றது. இத்தனை சிறிய எண்ணிக்கையை நம்பலாமா என்ற விவாதமும் ஓயவில்லை. நான் பார்த்த இந்த வீட்டிலோ, பயத்தைப் பேத்தியிடம் கொண்டுசேர்த்தவர் மருமகள், வேறு வீட்டிலிருந்து வந்தவர். காரணம் தெரியாமலே அத்தனை வருடம் அந்தச் சட்டத்தைக் காப்பாற்றியிருக்கிறார்.

சட்டத்தை விடச் சொல்லி நான் வற்புறுத்தவில்லை. கொதிக்கவைத்த தண்ணீரை வீட்டிலிருந்தே பிளாஸ்கில் கொடுத்தனுப்பச் சொன்னேன். தொற்று வருவது குறைந்திருக்கிறது. இப்போதெல்லாம் நோயாளியின் குறிப்பேட்டில் "1942-இல் குடும்பம் எங்கே இருந்தது?" என்று ஒரு வரி சேர்த்துவிடுகிறேன். வரிசை நீள்கிறது என்று டாக்டர் முணுமுணுக்கிறார்.