மூன்று முறை சொன்ன தலைவலி

அட்லாண்டாவில் ஒரு சின்ன ஆவணப்படத்துக்கு ஒலிப்பதிவும் எடிட்டிங்கும் செய்தேன். பிரசவமாகி ஒன்பதாம் நாள் இறந்துபோன ஒரு கறுப்பினப் பெண்ணைப் பற்றிய படம். அவருடைய கணவரும் அம்மாவும் பேசுகிறார்கள். இருபது நிமிடப் படத்தை முடிக்க ஒன்றரை வருடம் ஆனது.

அதில் பாதி நாள் மருத்துவக் குறிப்புகளுக்கே போய்விட்டது. வீட்டுக்கு வந்த பிறகு தலைவலி தாங்கவில்லை என்று அவர் மூன்று முறை மருத்துவமனைக்கு போன் செய்திருக்கிறார். தூக்கம் கெட்டால் வலிக்கத்தான் செய்யும் என்று பதில் வந்ததாம். பிள்ளை பெற்ற பிறகும் ஆறு வாரம் வரை பிரஷர் திடீரென ஏறலாம். கவனிக்காமல் விட்டால் வலிப்பு, மூளையில் ரத்தக்கசிவு என்று உயிருக்கே ஆபத்து. இதைப் படத்தில் சொல்ல எங்களுக்குக் காகிதம் வேண்டும். கணவர் கேட்டால் கொடுத்துவிடுவார்கள் என்று நினைத்தோம். கொடுக்கவில்லை. இறந்தவரின் சட்டப்படியான பிரதிநிதி தான்தான் என்று அவர் நீதிமன்ற உத்தரவு வாங்கி அனுப்பிய பிறகே குறிப்புகளின் கட்டு வந்தது. இப்படி ஒரு படம் எடுக்க நினைப்பவர்கள் கேமராவைத் தொடும் முன்பே இந்த வேலையைத் தொடங்கிவிடுங்கள்.

மூன்று போன்களும் அதில் இருந்தன. ஒவ்வொன்றுக்கும் ஒரே வரி: தலைவலி, ஓய்வெடுக்கச் சொல்லப்பட்டது.

நேர்காணல் முடிந்ததும் அறையின் வெறும் ஓசையை ஒரு நிமிடம் பதிவு செய்வது வழக்கம். வெட்டிய இடங்களை ஒட்டுவதற்கு அது தேவை. எல்லோரையும் அசையாமல் இருக்கச் சொன்னேன். ஹெட்போனில் பிரிட்ஜின் இரைச்சல், அப்புறம் பக்கத்து அறையில் குழந்தை பால் பாட்டிலைச் சப்பும் சத்தம். அதுவரை நிதானமாகப் பேசிய கணவர் அப்போதுதான் உடைந்து அழுதார். கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

முதல் எடிட்டைக் காட்டியபோது அந்தக் காட்சி வேண்டாம் என்றார். மகள் வளர்ந்து பார்க்கப்போகும் படம் இது என்றார். இயக்குநருக்கு மனசே இல்லை. ஒப்புதல் படிவத்தில் கணவரின் கையெழுத்தும் இருந்தது. ஆனாலும் எடுத்துவிட்டோம். அந்த இடத்தில் குறிப்புகளின் பக்கத்தை மட்டும் திரையில் நிறுத்தி, குழந்தை பால் குடிக்கும் சத்தத்தை அடியில் விட்டேன். அதற்கு அவர் சம்மதித்தார். படமும் அதனால்தான் வலுவானது என்று நம்புகிறேன்.

ஏப்ரல் 11 முதல் 17 வரை அமெரிக்காவில் கறுப்பினத் தாய்மார் நல வாரம். அந்த வாரத்தில் செவிலியர்களுக்குத் திரையிட்டோம். கறுப்பினத் தாய்மார் அதிகம் இறப்பதற்கு வறுமைதானே காரணம் என்று ஒருவர் கேட்டார். 2021இல் ஒரு லட்சம் பிறப்புகளுக்குக் கறுப்பினத் தாய்மாரில் 69.9 பேரும் வெள்ளையினத் தாய்மாரில் 26.6 பேரும் இறந்தார்கள். வறுமை மட்டும் இதை விளக்காது. 2017இல் பிரசவத்துக்குப் பிறகு நுரையீரலில் ரத்தம் உறைந்தபோது, ஸ்கேன் எடுக்கச் சொல்லி பணமும் புகழும் உள்ள கறுப்பின டென்னிஸ் நட்சத்திரம் செரீனா வில்லியம்ஸே வற்புறுத்த வேண்டியிருந்தது.

பிரசவமான ஒவ்வொருவரிடமும் பிரஷர் பார்க்கும் கருவி ஒன்றைக் கொடுத்தனுப்ப வேண்டும் என்ற கோரிக்கைத் தாளை வாசலில் வைத்திருந்தோம். முதல் கையெழுத்து இறந்த பெண்ணின் அம்மாவுடையது. கேள்வி கேட்டவரும் போட்டுவிட்டுப் போனார். அடுத்த மாதம் இன்னொரு மருத்துவமனையில் திரையிடுகிறோம்.